கழுத்தில் ஏறிய நீலம்

நீர்த்தேக்கத்துக்கு மேலே இருந்த சரிவு முழுவதையும் அந்த முள்புதர் விழுங்கியிருந்தது. யாரோ ஒரு புண்ணியவான் வேலிக்கு அழகாயிருக்கும் என்று எங்கிருந்தோ கொண்டுவந்து வைத்த சனியன். அதை ஒழிக்கிற கூட்டத்துக்கு மேஸ்திரி ஒரு பெண். எல்லோருக்கும் அவள் அக்காதான். வாயைத் திறந்தால் வசவு, ஆனால் வேலையில் யாரும் அவளைக் குறை சொல்லிவிட முடியாது. இதே முள்ளும் இதே பழமுமாக உள்ளூர்ப் புதர் ஒன்றும் நடுநடுவே கலந்து நிற்கும். அதன் இலைக்கு அடிப்பக்கமும் பச்சை. இந்தச் சனியனுக்கோ அடிப்பக்கம் வெளுத்து மினுங்கும். "கண்ணு என்ன பொடனியிலயா இருக்கு? இலையைத் திருப்பிப் பாத்துட்டு வெட்டு" என்று நாள் முழுக்கக் கத்துவாள்.

வெட்டினால் மட்டும் போதாது. கட்டையில் ஈரம் காய்வதற்குள் மருந்து பூசிவிட வேண்டும். இல்லையென்றால் ஒன்றுக்குப் பத்தாக முளைத்துப் பல்லிளிக்கும். பூசியது எது, விட்டது எது என்று தெரிய மருந்தில் நீலச் சாயம் கலந்திருப்பார்கள். அது கையுறையையும் மீறி விரலில் ஏறும், ஏறினால் லேசில் போகாது. வெட்டுகிறவன் புட்டியைத் தொடக்கூடாது, பூசுகிறவன் அரிவாளைத் தொடக்கூடாது. அது அக்காவின் சட்டம். வெட்டுவது அவள் மகன், பூசுவது அவள் தங்கையின் புருஷன்.

அன்று தங்கை சாப்பாடு கொண்டுவந்தாள். மண்டையைப் பிளக்கிற வெயிலில் கழுத்தைச் சுற்றித் துப்பட்டா. குனிந்து பாத்திரத்தை வைத்தபோது அது நழுவியது. கழுத்தின் ஒரு பக்கம் நான்கு நீல விரல்கள், மறுபக்கம் கட்டைவிரல். நீலத்துக்கு அடியில் தோல் கன்றியிருந்தது.

அக்கா அவள் முகவாயைப் பிடித்துத் திருப்பிப் பார்த்தாள். அம்மா போன பிறகு தோளில் போட்டு வளர்த்த பிள்ளை அது. இந்த ஆளைப் பார்த்துக் கட்டிவைத்ததும் அவள்தான்.

"மாப்பிள்ளை, இங்க வாங்க."

அவர் முட்டியைத் தேய்த்துக்கொண்டு நொண்டி நொண்டி வந்தார்.

"இவ கழுத்துல என்ன?"

"என் வேலைத்துணியைத் துவைக்கும்போது சாயம் ஒட்டிக்கிச்சுன்னு சொன்னா, அக்கா."

"துணிக்கு அஞ்சு விரல் இருக்கா?"

அக்கா கையிலிருந்த அரிவாளைத் திருப்பிப் பிடித்து, அதன் முதுகால் அவர் தாடையில் ஓங்கிப் போட்டாள். பல் தெறித்தது. மனிதர் முள்ளுக்குள் மல்லாந்து விழுந்தார். முடியைப் பிடித்து வெளியே இழுத்துக் காதோரம் இன்னொன்று போட்டாள். "சத்தியமா நான் தொடலக்கா" என்று ரத்தத்தோடு குழறினார். அவள் காதில் ஏறினால்தானே. நெஞ்சில் முட்டியை ஊன்றிக்கொண்டு கூர்ப்பக்கத்தைத் திருப்பி ஓங்கினாள்.

தங்கை பாய்ந்து குறுக்கே கையை நீட்டினாள். வெட்டு அவள் உள்ளங்கையில் இறங்கியது.

"அவரை விடு. நேத்து மத்தியானத்துக்கு மேல பூசினது அவர் இல்ல. முட்டிவலியில குந்த முடியலன்னு, நீ மேல் சரிவுக்குப் போனப்ப உன் மகன்கூட வேலையை மாத்திக்கிட்டார். நீ திட்டுவேன்னு சொல்லல."

பத்தடி தள்ளி நின்ற மகன் இரண்டு கைகளையும் மெதுவாகப் பைக்குள் விட்டுக்கொண்டான்.

"சாயங்காலம் குடிச்சுட்டு வந்து வண்டிச் சாவி கேட்டான். முடியாதுன்னேன். கழுத்தைப் பிடிச்சுச் சுவத்துல வச்சு அழுத்திட்டான். இவர்கிட்டகூட நான் சொல்லல. தெரிஞ்சா பெத்த புள்ளைன்னும் பாக்காம நீ அவனைக் கொன்னுடுவேன்னு வாயை மூடிக்கிட்டு இருந்தேன்."

அக்கா எழுந்து போய் மகனின் சட்டையைக் கொத்தாகப் பிடித்தாள். அரிவாள் உயர்ந்தது.

"அம்மா" என்றான் அவன்.

கை அப்படியே தொங்கிப்போனது. "போய்க் கையைக் கழுவுடா" என்றாள்.

தங்கை பார்த்துக்கொண்டுதான் இருந்தாள். துப்பட்டாவைப் பல்லால் கிழித்துத் தன் கையில் சுற்றிக்கொண்டு, மீதியைப் புருஷனின் தாடையில் வைத்து அழுத்தி, அவரைத் தூக்கி நிறுத்தினாள். அக்கா ஓடிவந்தாள்.

"நான் பிடிச்சுக்கறேன்டி."

"தொடாதே. நான்தான் தப்புக் கணக்குப் போட்டுட்டேன்க்கா. நீ அவனைக் கொன்னுடுவேன்னு ராத்திரி முழுக்கத் தூங்கல. அவனை நீ ஒரு அறைகூட அறையலையே."

சொல்லிவிட்டுப் புருஷனைத் தாங்கிக்கொண்டு சரிவில் இறங்கினாள். அக்கா அரிவாளோடு அங்கேயே நின்றாள்.