துண்டைத் தட்டும் மெஷின்

அந்தப் பெரிய ஹோட்டலின் அடித்தளத்தில் இருந்த சலவைக் கூடத்தில் எல்லோரும் அவளை மடிப்பக்கா என்றுதான் கூப்பிட்டார்கள். பதினாறு வருஷம் துண்டு மடித்த கை. குளியல் துண்டை மூன்றாக மடித்து, ஓரத்தை உள்ளே தள்ளி அடுக்கில் வைக்க அவளுக்கு ஒன்பது விநாடி போதும்.

மெஷின் என்றாலே அவளுக்கு இளப்பம். காரணம் வீட்டில் இருந்தது. "உனக்கு இனிமே ரெஸ்ட்டு" என்று சொல்லி அவள் கணவர் துணி மடிக்கும் மெஷின் ஒன்றை வாங்கிப் போட்டிருந்தார். சட்டைக்குப் பொத்தான் போட்டு, சுருக்கம் நீவி, இரண்டு கிளிப்பில் மாட்டிக் கொடுத்தால் அது மடித்துத் தரும். மாட்டுகிற நேரத்தில் நாலு சட்டை மடித்துவிடலாம். ஆறே மாதத்தில் மனுஷர் அதற்கு ஓர் உறை தைத்துப் போட்டார். அந்த உறையைத் துவைத்து மடிப்பதும் அவள்தான்.

அதனால் ஹோட்டலில் இரண்டு கை வைத்த மெஷின் வந்து இறங்கியபோது அவள் சிரித்தாள். மேனேஜர் வாயைத் திறக்கும் வரைதான் அந்தச் சிரிப்பு.

"ரெண்டு வாரம் உன் கையைப் பார்த்துக் கத்துக்கும். அப்புறம் இந்தத் துண்டு டேபிளே தேவையில்ல."

அந்த மேஜையில் ஆறு பெண்கள். அதில் ஒருத்தி அவளுடைய நாத்தனார். இரண்டு முட்டியும் தேய்ந்தவள். இந்த வேலை போனால் வேறு எவனும் அவளை வாசலில்கூட நிற்க விடமாட்டான். மடிப்பக்காவின் கவலையெல்லாம் அவளைப் பற்றித்தான்.

அங்கே எட்டு மணி நேரமும் நின்றுகொண்டேதான் மடிக்க வேண்டும் என்பது மேனேஜரின் சட்டம். உட்கார்ந்தால் கை மந்தமாகிவிடுமாம். அவர் மட்டும் மாடியில் சுழல் நாற்காலியில் உட்கார்ந்து இதைக் கண்டுபிடித்தார். பெண்களும் லேசுப்பட்டவர்கள் இல்லை. தள்ளுவண்டிக்குப் பின்னால் இரண்டு ஸ்டூல் ஒளித்து வைத்து, முறை போட்டு உட்கார்வார்கள். மாடிப்படியைப் பார்த்து நிற்பது மடிப்பக்கா. மேனேஜரின் செருப்பு தெரிந்ததும் துண்டு அடுக்கை இரண்டு தட்டு தட்டுவாள். உட்கார்ந்திருப்பவர்கள் எழுந்துவிடுவார்கள்.

மெஷின் பார்த்துக் கற்றுக்கொள்ள மடிப்பக்காவின் கைக்கு மேலே கேமரா மாட்டிய இரண்டு வாரமும் மேனேஜருக்கு இருப்புக் கொள்ளவில்லை. பெண் பார்க்க வந்தவர் போல நிமிஷத்துக்கு ஒரு தரம் இறங்கி வந்து எட்டிப் பார்த்தார். ஒவ்வொரு தரமும் மடிப்பக்கா தட்டினாள். மெஷின் ஒன்று விடாமல் கற்றுக்கொண்டது.

ஓட்டிக் காட்டும் நாள் வந்தது. தலைமை அலுவலகத்து ஆட்களெல்லாம் கூடி நின்றார்கள். மெஷின் துண்டை எடுத்தது, மடித்தது, அடுக்கில் வைத்தது, பிறகு பட் பட் என்று இரண்டு தட்டு தட்டியது. நாத்தனார் நின்ற இடத்திலேயே விறைத்தாள். அடுத்த துண்டுக்கும் பட் பட்.

ஒரு துண்டுக்கு முப்பது விநாடி ஆனது; கையைத் தூக்கித் தூக்கித் தட்டவே அதில் பாதி போனது. இன்ஜினியர் தலையைச் சொறிந்தார்.

"அக்கா, இந்தத் தட்டு எதுக்கு? இதை எடுத்துட்டா வேகம் நல்லா ஏறிடும்."

மேனேஜர் அவளையே பார்த்தார். உண்மையைச் சொன்னால் ஸ்டூல் போகும், மேஜையும் போகும். மடிப்பக்கா கண் இமைக்காமல் சொன்னாள்.

"உள்ள இருக்கிற காத்து போகணும் சார். இல்லன்னா அடுக்கு சாஞ்சிடும். அதுதான் இதுல முக்கியமே."

"நானும் கவனிச்சிருக்கேன். தட்டுலதான் சூட்சுமமே இருக்கு" என்றார் மேனேஜர்.

தட்டு நிலைத்தது. வேகம் போதாது என்று மேஜையை விட்டுவைத்தார்கள். கொட்டிக் கொடுத்து வாங்கியதை மூலையில் போட மனசு வராமல் மெஷினையும் மேஜைக்குப் பக்கத்திலேயே ஓடவிட்டார்கள். அன்று ஆறு பேரும் வயிறு வலிக்கச் சிரித்தார்கள். மடிப்பக்கா தன் சாமர்த்தியத்தில் தானே மயங்கிப்போனாள்.

முதல் வாரம் மெஷின் தட்டும்போதெல்லாம் உட்கார்ந்திருப்பவர்கள் பதறி எழுந்தார்கள். இரண்டாம் வாரம் கழுத்தை மட்டும் திருப்பினார்கள். மூன்றாம் வாரம் அதுவும் நின்றது.

அந்த வாரத்தில் ஒரு நாள் படியில் செருப்பு தெரிந்தது. மடிப்பக்கா தட்டினாள். நாத்தனார் ஸ்டூலில் முட்டியைத் தேய்த்துக்கொண்டே இருந்தாள். உள்ளங்கை எரிய இன்னொரு தரம் தட்டினாள். அதற்குள் மேனேஜர் வந்து நாத்தனாரின் முன்னால் நின்றுவிட்டார்.

"அந்த மெஷினைப் பாரு. வந்ததிலிருந்து ஒரு நிமிஷமாவது உக்காந்திருக்கா?"

சாயங்காலம் நாத்தனார் தன் அலமாரிச் சாவியைத் திருப்பிக் கொடுத்துவிட்டு வெளியே வந்தாள். மடிப்பக்காவுக்கு அவள் முகத்தைப் பார்க்கவே கூசியது.

"ரெண்டு தரம் தட்டினேனே. காதுல விழலையா உனக்கு?"

"விழுந்துச்சு அண்ணி. மெஷினுன்னு நெனச்சிட்டேன்."