இரண்டடிச் சுடர் (திருத்தப்பட்டவாறு)

1.

இந்தக் கதை ஒரு பொய்யிலிருந்து பிறந்தது. பொய் என்னுடையது. வாய்ப்பொய் அல்ல, முத்திரை குத்தி, கோப்பு எண் போட்டு, மேலிடத்துக்கு அனுப்பிய பொய். முப்பத்தாறு வருஷம் வரி அலுவலகத்தில் குப்பை கொட்டிவிட்டு, ஓய்வு பெறப் போகிற நேரத்தில் ஒரு சட்டத்தையே நான்

(இந்த வாக்கியத்தை முடித்தால் கதையும் முடிந்துவிடும். அப்படியே நிற்கட்டும்.)

முதலில் இப்படித்தான் தொடங்கினேன்: "ஆமத்தூர் வானில் கருமேகங்கள் திரண்டிருந்த ஒரு மாலையில்." அடித்துவிட்டேன். கருமேகம் திரண்டால் தீக்குச்சி மருந்து காயாது. இந்தக் கதைக்குச் சொந்தக்காரி பொன்னுத்தங்கம் கேட்டால் சண்டைக்கு வருவாள்.

இரண்டாவது தொடக்கம்: "2007 ஜனவரி முதல் தேதி புதிய வரிச் சட்டம் நடைமுறைக்கு வந்தது." இது பரவாயில்லை. அந்தத் தேதியில் நிஜமாகவே ஒரு சட்டம் வந்தது. ஆனால் இங்கே வருவது அதுவல்ல, அதன் பக்கத்து வீட்டுச் சட்டம். பிரிவுகளை நானே இயற்றினேன், அலுவலகத்தையும் நானே கட்டினேன். இதைப் பார்த்து யாரும் கணக்குத் தாக்கல் செய்துவிட வேண்டாம்.

2.

பொன்னுத்தங்கம் ஆமத்தூரில் கலர் தீப்பெட்டி செய்கிறவள். பார்வைக்குச் சாதாரணத் தீப்பெட்டிதான். உள்ளே இருக்கும் குச்சியை உரசினால் சிவப்பாகவோ பச்சையாகவோ எரியும். தீபாவளிக்குச் சின்னப் பிள்ளைகளுக்கு வாங்கிக் கொடுப்பது. பதினெட்டு வருஷம் அடுத்தவர் கம்பெனியில் குச்சி அடுக்கியவள், சொந்தமாக ஷெட் போட்டு முப்பது பெண்களுக்கு வேலை கொடுத்திருந்தாள்.

புதுச் சட்டத்தில் கையால் செய்த தீப்பெட்டிக்கு வரி இல்லை. பட்டாசுக்கு உண்டு. கலர் தீப்பெட்டி என்று ஒன்று இருப்பதே அதில் இல்லை. எழுதியவர்களைக் குறை சொல்ல மாட்டேன். ஆயிரம் சரக்கை வரிசையாக எழுதும்போது ஒன்று விட்டுப்போகும். மளிகைச் சீட்டு எழுதினால் எனக்குப் பெருங்காயம் விட்டுப்போகிறது.

தன்னுடையது தீப்பெட்டிதான் என்று பொன்னுத்தங்கம் வரி சேர்க்காமல் விற்றாள். சிவகாசி மொத்த வியாபாரி ஒருவருக்குச் சந்தேகம் வந்தது. "இது தீப்பெட்டியா, பட்டாசா?" என்று எழுதிக் கேட்டார். கடிதம் எங்கள் அலுவலகத்துக்கு வந்து சேர்ந்தது.

3.

அதிகாரி ஜெயச்சந்திரன் நல்ல மனிதர், அவசரக்காரர். "மேடம், ஒரு பெட்டி வாங்கி இங்கயே பத்த வச்சுப் பாத்துருவோம். ஸ்டவ் பத்துனா தீக்குச்சி, பத்தலைன்னா பட்டாசு" என்றார்.

கடைநிலை ஊழியர் சின்னச்சாமி, டீ போடும் மண்ணெண்ணெய் ஸ்டவ்வைக் கொண்டுவந்து மேசையில் வைத்தார். பக்கத்தில் ஒரு வாளி மணல். நான் குச்சியை உரசினேன். பச்சைச் சுடர் ஜிவ்வென்று எழுந்து மின்விசிறியைத் தொட்டது. விசிறி இறக்கை மூன்றும் கருகி

(இல்லை. திரியைத்தான் தொட்டது. தொடர்கிறேன்.)

ஸ்டவ் பற்றிக்கொண்டது. சின்னச்சாமி அதிலேயே டீ போட்டார்.

"இது பட்டாசா தீப்பெட்டியான்னு ஸ்டவ்வுக்குத் தெரியுமா சார்? அது பாட்டுக்குப் பத்திக்கிருச்சு. டீயக் குடிங்க" என்றார் சின்னச்சாமி.

"டீ போட்டாச்சுல்ல மேடம், தீக்குச்சின்னு எழுதிருங்க" என்றார் ஜெயச்சந்திரன்.

எழுதினேன். அங்கேதான் வந்தது வினை. முப்பத்தைந்து வருஷமாக மற்றவர்கள் சொன்னதைப் பிரதி எடுத்துக்கொண்டிருந்தவள் நான். கண்ணால் கண்டதை எழுது என்று யாரும் அதுவரை சொன்னதில்லை. பேனாவை நிறுத்த முடியவில்லை. "இப்பொருள் தீக்குச்சியே; இதைக் கொண்டு தேநீர் தயாரிக்கப்பட்டது" என்று எழுதினேன். அதோடு விட்டிருக்கலாம். "பற்றவைத்ததும் மரகதச் சுடர் இரண்டடி உயர்ந்து அறையையே ஒளிமயமாக்கியது" என்று இன்னொரு வரியும் சேர்த்தேன். ஜெயச்சந்திரன் படிக்காமல் கையெழுத்துப் போட்டு மேலிடத்துக்கு அனுப்பினார். இரண்டு மாதத்தில் மாற்றலாகியும் போனார்.

4.

கதையை நிறுத்திவிட்டு ஒரு விஷயம். பிடிக்காதவர்கள் 5-க்குப் போகலாம்.

சட்டம் இயற்றுகிறவர்களும் கதை எழுதுகிற எங்களைப் போல எழுதிப் பார்த்துத் திருத்துகிறவர்கள்தான். ஒரு சொல்லை எடுத்துவிட்டு இன்னொன்றை வைப்பார்கள். ஒரு பிரிவுக்கும் அடுத்த பிரிவுக்கும் நடுவில் புதிதாக ஒன்றை நுழைப்பார்கள். இதெல்லாம் பெரும்பாலும் இன்றைக்குத் திருத்தினால் நாளையிலிருந்து செல்லும். ஆனால் "தெளிவுரை" என்று ஒன்று இருக்கிறது. அது புதிதாக எதையும் சொல்லவில்லையாம். முன்பே சொன்னது உனக்குப் புரியவில்லை, புரிய வைக்கிறேன் என்கிறதாம். ஆகவே அது முதல் நாளிலிருந்தே செல்லும். "எப்போதும் அவ்வாறே இருந்து வந்ததாகக் கொள்ளப்படும்." கதை எழுதுகிற யாருக்கும் இப்படி ஒரு அதிகாரம் கிடையாது. எனக்கு ஆசை தாங்கவில்லை. ஒரே ஒரு முறை:

திருத்தம்: பிரிவு 2-இல் "முப்பது பெண்கள்" என்பதற்குப் பதிலாக "எட்டுப் பெண்கள்" என்று கொள்க. அது எப்போதும் எட்டாகவே இருந்து வந்ததாகக் கொள்ளப்படும்.

(எட்டுதான். சத்தியம்.)

5.

2008 பிப்ரவரியில் திருத்தச் சட்டம் அரசிதழில் வந்தது. கடைசிப் பக்கத்தில், எதற்காக இந்தத் திருத்தம் என்று காரணம் சொல்லும் இடத்தில் இருந்தது அந்த வரி: "இரண்டடி வரை சுடர் எழுவதாகக் கள அறிக்கை தெரிவிப்பதால், வண்ணத் தீக்குச்சிகள் பட்டாசே எனத் தெளிவாக்குவது அவசியமாகிறது." டீயை யாரும் படிக்கவில்லை. மரகதத்தையும் விட்டுவிட்டு, இரண்டடியை மட்டும் எடுத்துக்கொண்டிருந்தார்கள். இது தெளிவுரையாம், அதனால் முதல் நாளிலிருந்து செல்லும்.

பொன்னுத்தங்கம் அந்தப் பக்கத்தின் ஜெராக்ஸ் தாளோடு அலுவலகத்துக்கு வந்தாள்.

"யக்கா, ரெண்டடின்னு போட்டிருக்காகளே, யாரு அளந்தது?"

"படிச்சியா?"

"எம்மக ஓவியா படிச்சுச் சொன்னா. ரெண்டடி எந்திரிக்கிற குச்சிய நான் செஞ்சிருந்தா ஆமத்தூர்லயா கெடப்பேன்? சிவகாசியில நாலு மாடி கட்டியிருக்க மாட்டேன்?"

நான் சிரித்துவிட்டேன். அவள் சிரிக்கவில்லை.

"போன தீவாளிக்கு வித்ததுக்கும் சேத்துக் கட்டணுமாம் யக்கா. அது எரிஞ்சு சாம்பலாப் போச்சு. கொளுத்துன பிள்ளைகளத் தேடிப் போயி, 'ஏலே, அன்னைக்கு ஒரு பெட்டி கொளுத்துனியே, அதுக்கு வரி நிக்கி, எடு'ன்னு கேக்கவா? ஷெட்ட வித்தாத்தான் கட்ட முடியும். வித்துட்டா நானும் எட்டுப் பேரும் மறுபடியும் கம்பெனி வேன்லதான் ஏறணும்."

"அளந்தது நான்தான்" என்றேன்.

அவள் ஜெராக்ஸ் தாளை மடித்துக்கொண்டாள். "எதுல அளந்தீக?"

"கண்ணுல."

"ஒங்க கண்ணு எம்புட்டுப் பெருசு யக்கா."

6.

அன்றைக்கே மேலிடத்துக்கு எழுதி அனுப்பினேன்: சுடர் நாலு விரற்கடை உயரம்தான், இரண்டடி என்பது என் மிகை. நான் ஓய்வு பெற்ற பிறகு வீட்டுக்குப் பதில் வந்தது. "தங்கள் இரு கூற்றுகளும் முரண்படுகின்றன. இவற்றுள் எது மிகை என்பதற்குச் சான்று அனுப்புக. சட்டமன்றத்தின் அடுத்த கூட்டத்தொடருக்கு முன் கிடைத்தால் மறுதிருத்தம் பரிசீலிக்கப்படும். அதுவரை வசூல் நிறுத்திவைக்கப்படுகிறது."

ஒரு பெட்டியை அனுப்பி அங்கேயே கொளுத்திப் பார்க்கச் சொல்லலாம் என்று தபால் நிலையத்துக்குப் போனேன். பட்டாசைத் தபாலில் எடுக்க மாட்டோம் என்றார்கள். தீப்பெட்டி என்றேன். அதையும் எடுக்க மாட்டார்களாம். இந்த ஒரு விஷயத்தில் மட்டும் இரண்டும் ஒன்று. ஜெயச்சந்திரனுக்குப் போன் செய்தேன். சுடரைப் பார்க்கவில்லை, கைக்கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டிருந்தேன் என்றார். சின்னச்சாமிக்கு நினைவிருப்பது டீ மட்டும்.

7.

இரண்டு முடிவுகள் எழுதி வைத்திருந்தேன்.

(அ) மறுதிருத்தம் வருகிறது. முந்தைய திருத்தம் எப்போதும் இருந்ததில்லை என்று கொள்ளப்படுகிறது. பொன்னுத்தங்கம் எனக்கு இரண்டு கூடை மல்லிகையும் ஒரு ஆட்டுக்கிடாயும்

(ஆ) விடியற்காலை ஆறு மணி. ஆமத்தூருக்குப் பாதை பிரியும் விலக்கில் கம்பெனி வேன் நிற்கிறது. எட்டுப் பெண்கள் ஏறுகிறார்கள். ஒன்பதாவதாக

இரண்டையும் பொன்னுத்தங்கத்துக்கு வாசித்துக் காட்டினேன். ஷெட் சாவியை முந்தானையில் முடிந்துகொண்டே கேட்டாள்.

"ரெண்டும் நல்லாத்தான் இருக்கு. ஆனா யக்கா, நீங்க எழுதுனா யாரு நம்புவா?"

அவள் சொன்னது சரி. இந்தக் கதையிலேயே மின்விசிறியைக் கருக்கினேன், முப்பது பேரை வேலைக்கு வைத்தேன். நாலு விரற்கடையை மட்டும் எதற்காக நம்புவீர்கள்? ஆகவே முடிவை நான் எழுதப் போவதில்லை.

தீபாவளிக்கு இன்னும் பத்து நாள் இருக்கிறது. கடையில் ஒரு கலர் தீப்பெட்டி வாங்குங்கள். வாளியில் தண்ணீர் வைத்துக்கொண்டு, பெரியவர் ஒருவர் வெட்டவெளியில் ஒரு குச்சியை உரசட்டும். இன்னொருவர் கொஞ்சம் தள்ளி ஸ்கேலை நிறுத்திப் பிடிக்கட்டும். இதை நிரப்பி இந்தப் பத்திரிகைக்கு அனுப்பினால் மொத்தமாக மேலே அனுப்பிவிடுகிறேன்.

சுடரின் உயரம்: ............

அளந்தவர் பெயர், ஊர்: ............

பார்த்ததை மட்டும் எழுதுங்கள். தயவுசெய்து அழகாக எழுத வேண்டாம்.