கழுவிய படச்சுருள்

1

இந்தக் கதை என் மாடிவீட்டு இனெஸ் சொன்னது. சான் பிரான்சிஸ்கோவில், இரண்டாம் உலகப் போர் முடிந்த நாலாம் வருஷம், ஜன்னலுக்கு வெளியே தெருவே இல்லாதபடி மூடுபனி இறங்கிய ஒரு மதியத்தில் சொன்னாள். முதல் வரியாக, ‘போரில் கணவனை இழந்த இனெஸ்’ என்று எழுதி அடித்துவிட்டேன். விதவை என்றதும் நீங்கள் இரங்கத் தொடங்கிவிடுவீர்கள். அவள் செய்ததைப் பார்க்க மாட்டீர்கள்.

2

இனெஸ் படம் செய்பவள். கேமரா கிடையாது. பழைய படச்சுருளை ப்ளீச்சிங் தண்ணீரில் ஊறவைப்பாள். உருவமெல்லாம் கரைந்து சுருள் தெளிந்ததும், அதன்மேல் கட்டம் கட்டமாக வண்ணம் தீட்டுவாள். ஆளில்லை, கதையில்லை, திரையில் நிறங்கள் மட்டும் நீந்தும். (இதெல்லாம் படமா என்று நானும் கேட்டிருக்கிறேன்.)

ஒருநாள் சுருள் தீர்ந்துபோய், அலமாரியிலிருந்த ஒன்றைக் கைதவறி

இல்லை. தெரிந்தேதான் எடுத்தாள். கணவன் ரஸ்ஸல் கடற்கரையில் நடந்துவரும் ஒரே சுருள் அது. மாமியார் பெர்த்தா நம்பிக் கொடுத்துவைத்தது.

இப்படியும் ஒரு பெண்ணா என்று நான் நினைத்தது என் முகத்தில் தெரிந்திருக்க வேண்டும்.

“எப்பப் போட்டாலும் அதே எடத்துல திரும்பிச் சிரிப்பான். எங்கிட்ட சண்டை போட்ட மூஞ்சியே மறந்துபோச்சு” என்றாள்.

ரஸ்ஸல் சாம்பல்நிறத் தண்ணீராகத் தொட்டிக்குள் இறங்கினான். அதைத் திறந்துவிட மனமில்லாமல் வெகுநேரம் நின்றாளாம்.

3

திரைப்படச் சங்கம் ஒரு ஞாயிறு மதியம் அவள் படத்தைப் போட்டது. பெர்த்தாவும் வந்தாள், தொப்பியும் கையுறையுமாக.

மூன்று நிமிடம். நீலத்துக்குள் இன்னொரு நீலம் கசிந்தது. மஞ்சள் பொட்டு ஒன்று எழுந்து, மிதந்து, எங்கோ போயிற்று. இனெஸ் திரையைப் பார்க்கவில்லை. மாமியாரின் கன்னத்தில் ஓடிய நிறங்களையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

விளக்கு எரிந்தது.

“எனக்கு ஒண்ணும் புரியலம்மா. ஆனா என்னமோ ரஸ்ஸல் நெனப்பாவே இருந்துச்சு. அடுத்த ஞாயிறு அவன் சுருளக் கொண்டாயேன், பாப்போம்” என்றாள் பெர்த்தா.

தொலைந்துவிட்டது என்று சொல்லியிருக்கலாம். ஒரு வரைவில் சொல்லவைத்தேன். கதை ஒழுங்காக முடிந்தது. ஆனால் அவள் சொன்னது வேறு.

“இதுதான் அத்தை, அந்தச் சுருள்.”

4

பெர்த்தா ஒரு கையுறையை மெல்லக் கழற்றினாள். பிறகு

[முடிவு எனக்குத் தெரியும். எழுதியும் வைத்திருந்தேன், முக்கால் பக்கம். இனெஸ் படித்துப் பார்த்து, அந்தத் தாளை மட்டும் மடித்து வைத்துக்கொண்டாள். “மத்தத எப்படி வேணா எழுதிக்கோ. அவங்க சொன்னது வேண்டாம். அது எனக்குச் சொன்னது.”]