சிடோனி எறிந்த தட்டுகள்

நீஸ் நகரத்து ஸ்டூடியோவில் அன்ஸெல்ம் மூன்று வருடம் சிடோனியின் கணவனாக இருந்தான். படத்தில் மட்டும். தட்டு, சட்டி, சூப் பானை என்று கைக்குக் கிடைத்ததையெல்லாம் அவள் அவன்மேல் வீசுவாள். அவன் ஜன்னல் வழியே போய் விழுவான். ஊமைப் படம்தானே, பேசுவது யாருக்கும் கேட்காது. அதனால் ஒவ்வொரு முறையும், "அன்ஸெல்ம், குனி!" என்று கத்திவிட்டுத்தான் வீசுவாள். அந்தக் குரலுக்காகவே எத்தனை அடி வேண்டுமானாலும் வாங்க அவன் தயாராக இருந்தான். அதைச் சொல்லத்தான் வாய் வரவில்லை.

இத்தாலியில், டூரின் நகரத்துப் படக் கம்பெனி ஒன்று அவளைக் கூப்பிட்டது. சிடோனி போய்விட்டாள். அவளுக்குப் பதிலாக வந்தவள் ஒன்றும் சொல்லாமல் எறிந்தாள். முதல் நாளே அவன் புருவம் கிழிந்தது.

குளிர்காலத்தில் சிடோனியின் இத்தாலியப் படம் ஊருக்கு வந்தது. கொட்டகையே உருண்டு சிரித்தது. திரையில் மீசைக்காரன் ஒருவனைப் பார்த்து அவள் பானையை ஓங்கினாள். உதடு அசைந்தது. அந்த அசைவு அன்ஸெல்முக்கு மனப்பாடம். அன்ஸெல்ம், குனி!

அன்ஸெல்ம் உட்கார்ந்த இடத்திலேயே குனிந்துவிட்டான்.

"என்னங்க, தொப்பி விழுந்திடுச்சா?" என்று பக்கத்துப் பெண்மணி கேட்டாள்.

மறுநாளே லீவு சொல்லிவிட்டு டூரினுக்கு ரயில் ஏறினான். முகமெல்லாம் மாவோடு சிடோனி ஸ்டூடியோ வாசலுக்கு ஓடி வந்தாள்.

"அட, அன்ஸெல்மா! புருவத்துல யாருடா கோடு போட்டது?"

"உன் இடத்துக்கு வந்தவ. அவளுக்குக் குனின்னு சொல்லத் தெரியல."

அவள் விழுந்து விழுந்து சிரித்தாள். அவன் தொப்பியைக் கையில் சுருட்டினான். "புதுப் படத்துல என் பேரைச் சொன்னியே, ஏன்?"

சிரிப்பு நின்றது. "பாத்துட்டியா? வாய்ப் பழக்கம்டா. காஸ்பரேகூட அன்னைக்குப் பூரா கிண்டல் பண்ணினான்."

"யாரு காஸ்பரே?"

"அந்த மீசைக்காரன்தான். ஈஸ்டர் முடிஞ்சதும் எங்களுக்குக் கல்யாணம்." முகத்து மாவைப் புறங்கையால் துடைத்தாள். "மூணு வருஷம் பக்கத்துலயே இருந்தியே, மக்கு. அப்பவே வாயத் தொறந்திருக்கலாம்ல?"

உள்ளே டைரக்டர், துரத்தல் காட்சிக்குப் போலீஸ்காரன் ஒருவன் குறைகிறான் என்று கத்திக்கொண்டிருந்தார். அன்ஸெல்ம் போய் போலீஸ் உடுப்பை மாட்டிக்கொண்டான்.

ஆற்றங்கரையில் சிடோனியும் காஸ்பரேயும் கைகோத்து முன்னால் ஓடினார்கள். ஒரு வளைவில் அவளுடைய ரிப்பன், துரத்தி வந்த அன்ஸெல்மின் கைக்கெட்டும் தூரத்தில் பறந்தது. பிடிக்கக் கூடாது என்பது டைரக்டரின் உத்தரவு. அன்ஸெல்ம் வேண்டுமென்றே தன் காலில் தானே இடறி ஆற்றுக்குள் போய் விழுந்தான். கரையில் நின்றவர்கள் கைதட்டினார்கள். கேமரா சுற்றிக்கொண்டிருந்தது, சிடோனியால் திரும்பிப் பார்க்க முடியவில்லை.