நான் துடைத்தெடுத்த ஈ

கட்டுகஸ்தோட்டைப் பாலத்தில் நின்றபடி, ஆற்றோடு பல மைல் கீழே மகியங்கனையில் மீன் திரும்பிப் படுப்பதைப் பார்க்கும் கண் என்னுடையது. இதை மேல்மாடி ஜஹானாவிடம் சொன்னேன். அவள் நம்பினாள். இப்போது அந்தப் படியேறவே கூச்சமாக இருக்கிறது.

ஜஹானாவுக்குப் பகலில் வங்கி வேலை. மிச்ச நேரமெல்லாம் பழைய கார்ட்டூன் படங்களைக் கணினியில் சுத்தம் செய்வாள். காசுக்கல்ல, ஆசைக்கு. அவளைப் போன்றவர்கள் உலகமெங்கும் இருக்கிறார்களாம். மூடிப்போன தியேட்டர் ஒன்றிலிருந்து அவளுக்கு ஒரு பூனைப் படச் சுருள் கிடைத்தது. வேறெங்கும் பிரதி இல்லை. சின்ன வயதில் அதைப் பார்த்தவன் நான் என்றேன். வெள்ளத்தில் தியேட்டருக்குள் வந்த விலாங்குகூட முடியும்வரை இருந்து பார்த்தது என்றும் சொன்னேன். கடைசிப் பகுதியை என்னிடமே தந்துவிட்டாள்.

ஒவ்வொரு படமாக நிறுத்தி, கறுப்புப் புள்ளிகளை அழிக்க வேண்டும். ஒரு புள்ளி மட்டும் இடம் மாறி மாறி வந்தது. விடவில்லை, தேடித் தேடி அழித்தேன்.

ஓட்டிப் பார்த்தால், பூனை வெறுங்காற்றை அடித்துக்கொண்டிருந்தது.

"இது எதுக்கு அங்கிள் அடிக்கிது?"

அது ஈ என்பது எனக்கு அப்போதுதான் விளங்கியது. வாய் முந்திக்கொண்டது. "அந்தப் பூனைக்குக் கொஞ்சம் புத்தி பிசகும்மா. தியேட்டர்லயும் இப்படித்தான் இருந்துச்சு."

நேரில் பார்த்தவர் சாட்சி என்று என் பெயரையும் விலாங்கையும் படக் குறிப்பில் சேர்த்து, தன்னைப் போன்ற அந்த உலகத்து ஆட்கள் எல்லோருக்கும் அனுப்பிவிட்டாள். ஒரு வெளிநாட்டுக்காரர் அந்தப் பூனையின் தனிமையைப் பற்றிப் பக்கம் பக்கமாக எழுதினார். வாசித்துக் காட்டினாள். நானும் தலையாட்டினேன்.

போன ஞாயிறு ஒலியைச் சுத்தம் செய்யும்போது அவளுக்கு ஈயின் ரீங்காரம் கேட்டிருக்கிறது. நான் போனபோது, துடைக்காத பிரதியிலிருந்து ஈயை ஒவ்வொரு படமாகத் திரும்ப ஒட்டிக்கொண்டிருந்தாள். பக்கத்தில் அவர்களுக்கெல்லாம் ஒரு மன்னிப்புக் கடிதம். பிழை முழுக்கத் தன்னுடையது என்று எழுதியிருந்தாள்.

"அழிச்சது நான்தான்னு எழுதும்மா," என்றேன்.

"விடுங்க அங்கிள். நம்பினது நான்தானே."

வற்புறுத்தினேன். என் பெயரை எழுதினாள். படக் குறிப்பிலிருந்து விலாங்கையும் எடுத்துவிடச் சொன்னேன். எடுத்தாள். பிறகு, திரையைப் பார்த்தபடியே மெதுவாகக் கேட்டாள்.

"படத்தயாவது பாத்தீங்களா அங்கிள்?"

நான் மூக்குக் கண்ணாடியைக் கழற்றித் துடைக்கத் தொடங்கினேன்.