பேராச்சிக்கு ஒரு போலீஸ்காரர்

1

இந்தக் கதை தென்காசியிலிருந்து குற்றாலம் போகிற பஸ்ஸில் கிடைத்தது. முன் இருக்கையில் ஒரு அம்மாள் பக்கத்திலிருந்தவளிடம், "போலீசு வந்த பொறவுதான் எனக்குப் பயமே வந்துச்சு" என்றாள். உடனே இறங்கிப் போய்விட்டாள். மிச்சத்தை நான்தான் உண்டாக்க வேண்டும்.

2

'மலையின் மடியில், சாரல் தூவும் அந்த எழில்மிகு...'

வேண்டாம். பேராச்சிக்கு மலையைப் பார்க்க நேரமில்லை.

1961. குற்றாலத்துக்குப் பக்கத்தில் ஒரு சின்ன ஊர். (பெயர் சொன்னால் சண்டைக்கு வருவார்கள்.) பருத்திக்கொட்டை விற்கிற பேராச்சி, பெரிய பண்ணையார் தாணுமாலயனைத் தோற்கடித்துப் பஞ்சாயத்துத் தலைவராகிவிட்டாள். ஊருக்கு வரும் முதல் தெருக்குழாய் தன் வாசலில்தான் வர வேண்டும் என்றார் அவர். தண்ணீரில்லாத கீழத்தெருவில்தான் என்றாள் இவள். அன்று தொடங்கி அவள் வீட்டு ஓட்டில் கல் விழுந்தது. வாசலில் முள் கிடந்தது. 'ராஜினாமா பண்ணு, இல்லேன்னா வீடு எரியும்' என்று சுவரில் கரியால் எழுதினார்கள். பேராச்சி தென்காசிக்குப் போய் மனுக் கொடுத்தாள். காவலுக்குப் போலீஸ்காரர் ஒலி முகம்மது வந்தார்.

3

இவரைத் தொந்தியும் தூக்கமுமாக எழுதிச் சிரிக்கவைக்கலாமென்று பார்த்தேன். மனிதர் இடம் கொடுக்கவில்லை. ஒல்லி உடம்பு, கஞ்சி போட்ட அரைக்கால் சட்டை. வாசலுக்கு யார் வந்தாலும் பேர், அப்பா பேர், என்ன சோலி என்று விசாரித்துவிடுவார். கல் நின்றது. ஆட்கள் வருவதும் நின்றுபோனது. தினமும் வந்து குறை சொல்கிற கீழத்தெரு முருகம்மாள்கூடத் தலையைக் குனிந்துகொண்டு எதிர்ச்சாரியில் போனாள்.

வெள்ளிக்கிழமை பஞ்சாயத்துக் கூட்டம். கீழத்தெரு வந்து நின்று கேட்காவிட்டால் உறுப்பினர்கள் பண்ணையார் பக்கம் சாய்ந்துவிடுவார்கள். பேராச்சி ஒலி முகம்மதுவிடம் போய் நின்றாள்.

"தம்பி, கல்லு விழுந்தப்பகூட மனுசங்க வந்தாங்க. இப்ப காக்காகூட வரமாட்டக்கு."

"பாதுகாப்புன்னா அப்படித்தான்க்கா."

"அப்ப நான் தலைவரா, கைதியா?"

அவர் தொப்பியைச் சரிசெய்துகொண்டார். (அவருக்கு ஒரு பதில் எழுதிப் பார்த்தேன், பிரசங்கமாக வந்தது. அடித்துவிட்டேன்.)

4

மறுநாள் காலை அவள் அருவிக்குக் குளிக்கக் கிளம்பினாள். அவரும் பின்னாலேயே வந்தார். பெண்கள் குளிக்கிற பக்கம் வந்ததும் நின்றுவிட்டார்.

"அங்கன நான் வரக்கூடாதுக்கா."

"அதுக்குத்தானய்யா வந்தேன்!"

அவர் முதுகைக் காட்டிக்கொண்டு நின்றார். கொட்டுகிற அருவிக்குக் கீழே முருகம்மாள் அவள் கையைப் பிடித்துக்கொண்டாள். இன்னும் நாலைந்து பேர் நெருங்கினார்கள். இரைச்சலுக்கு மேலே கத்திக் கத்தித்தான் பேச வேண்டியிருந்தது. தெருவிளக்கு, சாக்கடை, குழாய் என்று எல்லாம் வந்தது. 'வெள்ளிக்கிழமை வாங்கட்டீ' என்று பேராச்சியும் கத்தினாள். கண்ணைத் துடைத்துக்கொண்டு பார்த்தால் பக்கத்தில் நனைந்து நிற்பது பண்ணையார் மனைவி சொக்கம்மாள்!

பேராச்சிக்கு அருவியிலேயே வியர்த்தது.

"ஏட்டி பேராச்சி, கீழத்தெருவிலேயே வையி. என் வாசல்ல வச்சா ஊர்ச்சண்டை பூரா என் வாசல்லதான் நடக்கும். கல்லெறியப் போறவருக்குத் தலையில துண்டு கட்டிவிடுததே நான்தான், சாரல்ல சளி புடிக்கும்லா. இனிமே கட்டமாட்டேன். அவர நான் பாத்துக்கிடுதேன்."

5

வெள்ளிக்கிழமை கீழத்தெருப் பெண்கள் ஈரத் தலையோடு வந்து பஞ்சாயத்து வாசலை அடைத்துக்கொண்டு நின்றார்கள். குழாய் கீழத்தெருவுக்குப் போனது. பண்ணையார் வாயைத் திறக்கவில்லை.

வீட்டில் சொக்கம்மாள் அவரிடம் என்ன சொன்னாள்? அவள் அழுததாக ஒன்று எழுதினேன், நம்பும்படியாக இல்லை. அடுப்பை அணைத்துவிட்டு உட்கார்ந்ததாக இன்னொன்று, அதுவும் அவளுக்குக் குறைச்சல். அந்த வீட்டுக்குள் போக எனக்குத் துணிச்சலில்லை. நீங்கள் போங்கள். கதவைத் தட்டிவிட்டுப் போங்கள், அவள் இன்னும் பேசி முடித்திருக்க மாட்டாள்.