முனை உடைந்த கல்

"பேடா, வேண்டாம் பிரதிபா, அந்த சீனை மட்டும் படத்துலருந்து எடுத்துடு," என்றான் சுரேந்தர், அவள் வீட்டு மாடிப்படி ஏறும்போதே.

"எடுக்க மாட்டேன்."

"பொண்ணு கேட்டு வந்தவன் கல்லை ஒடைக்கிறதையா உங்கப்பாவுக்குக் காட்டுவ?"

"படத்துலயே அதுதான் நல்ல சீன். பேசாம வா."

மண்டி மொஹல்லா பகுதியில் இடிந்துபோன பழைய கல் நுழைவாயில் ஒன்றைச் சுரேந்தரும் அவன் ஆட்களும் மறுபடி எழுப்பினார்கள். அதைப் படமெடுக்கப் போனவள் பிரதிபா. உளிச் சத்தத்துக்கு நடுவில்தான் காதல் வந்தது. ரயில்வே அதிகாரியாக இருந்து ஓய்வுபெற்ற அப்பா சாம்பசிவன், "கல் கொத்துறவனா?" என்று ஒரே கேள்வியில் பேச்சை முடித்துவிட்டார். "படத்தைப் பாத்துட்டு வேண்டாம்னு சொல்லுங்க. அப்புறம் நான் கேக்கவே மாட்டேன்," என்று சொல்லியிருந்தாள் பிரதிபா.

டிவியில் படம் ஓடியது. வளைவின் உச்சியில் வைக்க வேண்டிய கல், கிட்டத்தட்ட கொத்தி முடிந்திருந்தது. சுரேந்தர் ஓர் அடி வைத்தான். முனை பெயர்ந்து விழுந்தது.

"கல்லுல ரேகை, விரிசல் ஏதாச்சும் இருந்திருக்கும்ண்ணா," என்றான் திரையில் பக்கத்திலிருந்த ரத்தினவேல்.

"கல்லு நல்ல கல்லுதான். உளியைச் சாய்ச்சுப் புடிச்சது நானு. வேற கல்லைத் தூக்குங்க, மொதல்ல இருந்து கொத்தறேன்."

சோபாவின் நுனியில் உட்கார்ந்திருந்த சுரேந்தர் தரையைப் பார்த்தான். சாம்பசிவன் ரிமோட்டை எடுத்து, அந்த இடத்தை மறுபடி ஓடவிட்டார்.

"கேமரா ஓடுறது தெரியுமில்ல?" என்று முதல்முறையாக அவனிடம் பேசினார்.

"தெரியுங்க. பிரதிபா எதிர்லதான் நின்னுட்டிருந்தா."

"அந்த ஆளு நல்ல சாக்கு எடுத்துக் குடுத்தாரே?"

"அதைப் புடிச்சுக்கிட்டா அடுத்த கல்லையும் அப்படித்தானுங்க அடிப்பேன்."

சாம்பசிவன் சிரித்தேவிட்டார். காபியோடு வந்த மனைவியிடம் சொன்னார்: "மீனாக்ஷி, சர்வீஸ் பூரா நான் விபத்து விசாரணை பண்ணேன். சிக்னல் மேல தப்பு, மழை மேல தப்பு. 'என் மேல தப்பு'ன்னு ஒருத்தன்கூட வாயைத் திறந்ததில்ல." சுரேந்தரிடம் திரும்பினார். "உங்க ஊர் ஹனூர்லருந்து அம்மாவை வரச் சொல்லுங்க. பேசி முடிச்சிடலாம்."

பிரதிபாவின் அம்மா மீனாக்ஷி காபி டம்ளரை நீட்டினாள். "அவசரப்படாதீங்க தம்பி. எங்க பொண்ணு பொறந்ததுலருந்து ஒரு தப்பையும் ஒத்துக்கிட்டது கெடையாது."

"அம்மா!"

"பரவால்லீங்க அத்தை," என்றான் சுரேந்தர், டம்ளரை வாங்கிக்கொண்டே. "வீட்டுக்கு ஒருத்தர் ஒத்துக்கிட்டாப் போதும்."